நாற்பத்தொன்றின் மகள்

கூடு இன்னும் கீறவில்லை. கால் மணி நேரம் ஆகலாம், ஒரு மணி நேரமும் ஆகலாம், அதன் இஷ்டம்; ஒரு மனுஷன் காப்பிகூடக் குடிக்காமல் விடியற்காலையில் ஓடிவந்து முக்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறானே என்று இரக்கப்பட்டு எந்தப் பூச்சியும் சீக்கிரம் வெளியே வந்ததில்லை. ஆவுடையப்பனுக்கு இது நான்கு வருடப் பழக்கம். பாளையங்கோட்டையில் ஒரு கல்லூரியின் விலங்கியல் துறையில் அவர் ஆய்வக உதவியாளர். தவளை ஜாடிகளைத் துடைப்பதும் மைக்ராஸ்கோப்புக்கு உறை போடுவதுமாகப் பதினைந்து வருடம் ஓடிய பிறகு ரூபாவதி மேடம் வந்து சேர்ந்தார், மொட்டை மாடியில் முப்பது தொட்டிகளில் கறிவேப்பிலை வைத்தார், மாடியறையில் வைக்கக் கொசுவலையில் கூண்டு தைக்கச் சொன்னார், அன்றைக்கே ஆவுடையப்பன் பட்டாம்பூச்சிக்குப் பிரசவம் பார்க்கிற ஆளாகிவிட்டார். கறிவேப்பிலையில் முட்டையிடும் அந்தப் பெரிய கறுப்புப் பட்டாம்பூச்சியை ஊரில் பார்க்காதவர் கிடையாது, ஆனால் அதற்குள் இத்தனை விவகாரம் இருப்பது மேடம் சொல்லித்தான் அவருக்குத் தெரியும். இப்போது எதிரே குச்சியில் இடுப்பைச் சுற்றி ஒரு பட்டு நூல் கட்டி ஒருக்களித்துச் சாய்ந்திருப்பது நாற்பத்தொன்றாம் எண் தாய் இட்ட முட்டைகளில் மிஞ்சிய ஒரே கூட்டுப்புழு. மற்ற ஐந்திலிருந்தும் புழுவை உள்ளிருந்தே தின்று வளர்ந்த, எள்ளைவிடச் சிறிய குளவிகள் கிளம்பி வந்து அவர் முகத்தில் மோதிவிட்டுப் போயின. நேற்றுச் சாயங்காலம் இதன் தோல் கண்ணாடியாகி உள்ளே இறக்கை கறுத்துத் தெரிந்தது, அப்படியென்றால் காலையில் வந்துவிடும். மேடம் பெங்களூரில் இருக்கிறார். பத்து மணிக்கு ஒரு பெரிய கூட்டத்தில் எழுந்து பேசப் போகிறார். ஏழு மணிக்குப் போன் செய்வார், செய்து இது எத்தனாம் நம்பர் சிவப்பு என்று கேட்பார், அவர் சொல்ல வேண்டும். ஆவுடையப்பனுக்குச் சிவப்பு தெரியாது. பிறந்ததிலிருந்தே தெரியாது, அது மேடத்துக்குத் தெரியாது.

தெரியாது என்றால் ஒன்றுமே தெரியாது என்றில்லை, அதைத்தான் யாருக்கும் விளங்கவைக்க முடியாது, விளங்கவைக்க அவர் முயன்றதும் இல்லை. வானம் நீலமாகத்தான் இருக்கிறது, எலுமிச்சம்பழம் மஞ்சளாகத்தான் இருக்கிறது. செம்பருத்திப்பூ மட்டும் இலைக்குள் போய் உட்கார்ந்துகொள்கிறது. கறுப்புத் துணியில் சிவப்பு நூலால் பூ போட்டிருந்தால் அவருக்கு அது வெறும் கறுப்புத் துணி. விரலால் தடவினால் பூ தெரியும். இந்தப் பூச்சி விஷயத்திலும் கடவுள் அவருக்கென்றே பார்த்துச் செய்த மாதிரி ஒரு வேலை செய்திருக்கிறார்: கறுப்பு இறக்கை, நடுவில் வெள்ளைத் திட்டு, ஓரமாகப் பிறை பிறையாய்ச் சிவப்பு. வெள்ளை அவருக்கு அற்புதமாகத் தெரியும், அந்த ஓரத்துப் பிறைகளைப் பார்த்ததே கிடையாது. புத்தகத்தில் எங்கே இருக்கிறது என்று தெரியும், மாணவிகள் ஐயோ எவ்வளவு அழகு என்று சொல்லும்போது எங்கே பார்த்து அழகு என்கிறார்கள் என்று கவனித்து வைத்திருக்கிறார், வெயில் சாய்வாக விழுந்தால் அந்த இடத்துக் கறுப்பு கொஞ்சம் அடுப்புக்கரி மாதிரி மங்கலாக இருப்பதும் தெரியும், அவ்வளவுதான். மேடம் ஐந்து கட்டங்கள் கொண்ட ஒரு அட்டையைக் கொடுத்திருந்தார். ஒன்று மங்கல் சிவப்பு, ஐந்து இரத்தச் சிவப்பு. இறக்கைக்குப் பக்கத்தில் பிடித்துப் பார்த்து எது ஒத்துப்போகிறதோ அந்த எண்ணை எழுத வேண்டும். அவ்வளவு சுலபமான வேலையைக் கொடுத்த பிறகு, மேடம் எனக்கு இந்த ஐந்து கட்டமும் ஒரே சாம்பல் என்று எப்படிச் சொல்வது? அன்றைக்குச் சொல்லியிருக்க வேண்டும். முதல் நாள் சொல்லாததை இரண்டாம் நாள் சொல்வது கஷ்டம், இருநூறாம் நாளில் அது பொய்யாகவே ஆகிவிடுகிறது. சரி, இப்போது கூட்டைப் பார்.

கூட்டைப் பார்த்தார். அசைவில்லை. உள்ளே வெள்ளைத் திட்டு நன்றாகத் தெரிகிறது, ஆகவே பெண், ஆகவே வேஷக்காரி. இதில் பெண்ணுக்குத்தான் வேஷம். ஆடுதின்னாப்பாளைச் செடியைத் தின்று உடம்பெல்லாம் நஞ்சேறின வேறொரு பட்டாம்பூச்சி இருக்கிறது, கறுப்பும் வெள்ளையும் சிவப்புமாய், அதைக் கொத்தின கரிச்சான் குருவி ஒரு தடவை குமட்டி எடுத்த பிறகு அந்தப் பக்கமே போகாது. கறிவேப்பிலைக்காரியிடம் நஞ்சு ஒன்றும் கிடையாது, ஆனால் பார்க்க அவளை மாதிரியே இறக்கையைப் போட்டுக்கொள்கிறாள். எல்லாரும் போடுவதில்லை, சில பெண்கள் ஆணைப் போலவே சாதாரணமாய் இருந்துவிடுகிறார்கள், ஆண்களுக்கோ எப்போதுமே வேஷம் கிடையாது. இதை முதலில் கேட்டபோது ஆவுடையப்பனுக்கு இரண்டு நாள் தூக்கம் வரவில்லை. பூச்சிக்குத் தன் முகமே தெரியாது, அது எப்படி இன்னொன்றின் உடுப்பைப் பார்த்துத் தைத்தது? பார்த்துத் தைக்கவில்லை அண்ணாச்சி என்று மேடம் சிரித்தார். கரிச்சான்தான் தையல்காரன், கொஞ்சம்கூடப் பொருந்தாததையெல்லாம் அது தின்றுவிட்டது, பொருந்தினது தப்பித்து முட்டையிட்டது, லட்சக்கணக்கான வருஷம் இப்படியே. அதிலும் பாருங்கள், நஞ்சுக்காரிக்கு உடம்பும் சிவப்பாம், இவளுக்கு உடம்பு கறுப்பாகவே இருக்கிறது, இறக்கையோடு நின்றுவிட்டது. தின்கிறவன் அவ்வளவு தூரம் கவனிக்கவில்லை போலும். அப்போதே அவருக்கு ஒரு சந்தேகம் வந்தது, இன்று வரை கேட்கவில்லை: தன்னை மாதிரி ஒரு கரிச்சான் பிறந்திருந்தால்? சிவப்பு தெரியாத கரிச்சான். அது வெள்ளைத் திட்டை வைத்துத்தான் நஞ்சைக் கண்டுபிடிக்கும், அவர் கண்டுபிடிப்பது போல. அப்படியானால் சிவப்பு எதற்கு, அதை இத்தனை பாடுபட்டு எதற்காகப் போட வேண்டும்? கேட்டிருந்தால் மேடம் துள்ளிக் குதித்திருப்பார். நல்ல கேள்வியெல்லாம் வாய்க்குள்ளேயே கிடந்து போனது அவருடைய பயத்தால்தான், ஏனென்றால் ஏன் இப்படிக் கேட்கிறீர்கள் என்று மேடம் திருப்பிக் கேட்டால் என்ன சொல்வது?

மணி ஆறு இருபது. கோமதி இந்நேரம் எழுந்து தண்ணீர் பிடித்திருப்பாள். கோமதிக்கு மட்டும் தெரியும். கல்யாணமான வருஷமே வத்தல் காயப்போட்ட பாயில் பச்சை மிளகாயையும் பழுத்ததையும் பிரிக்கச் சொன்னாள், இவர் உட்கார்ந்து ஒவ்வொன்றாய் அமுக்கிப் பார்த்துப் பிரித்ததைப் பார்த்துவிட்டாள். ஒன்றும் கேட்கவில்லை, அன்றிலிருந்து தக்காளி வாங்க அவளே போகிறாள். அவருடைய தாய்மாமனுக்கும் இப்படித்தான். மாமா தன் மனைவிக்குத் தீபாவளிக்கு அரக்குச் சேலை என்று எடுத்து வந்தது கரும்பச்சையாக இருந்தது, கடைக்காரன் ஏமாற்றிவிட்டான் என்று சண்டைக்குப் போனார், ஊரே சிரித்தது. மாமாவுக்கு இருந்தது, எனக்கு இருக்கிறது, நடுவில் அம்மாவுக்கு இல்லை. அம்மா ஆயிரம் மஞ்சாடி விதையில் ஒரு குன்றிமணியைப் பொறுக்குவாள். அப்படியென்றால் அம்மாவுக்குள் அது எங்கே இருந்தது? மேடம் கரும்பலகையில் இந்தப் பட்டாம்பூச்சிக்கு வட்டமும் சதுரமும் போட்டு விளக்கியபோது, ஆண்கள் வேஷத்தை உள்ளுக்குள் சுமப்பார்கள், வெளியே காட்டமாட்டார்கள், மகளுக்குக் கொடுப்பார்கள், மகளிடம் வெளிப்படும் என்றபோது, கடைசி பெஞ்சுக்குப் பின்னால் சாக்குக்கட்டிப் பெட்டியோடு நின்ற ஆவுடையப்பனுக்குத் தன் வீடு முழுக்கத் தலைகீழாகத் தெரிந்தது. இங்கே அப்பன் சுமந்து மகள் காட்டுகிறாள், அங்கே அம்மா சுமந்து மகன் காட்டுகிறான். ஆணா பெண்ணா என்று தீர்மானிக்கிற அதே சாவிதான் பெண்ணாக இருந்தால் அந்த இறக்கையையும் திறக்கிறது என்றார் மேடம். ஒரு சாவி, இரண்டு பூட்டு. அவர் தன் மகள் ஆனந்தியை நினைத்துக்கொண்டார். பிளஸ் டூ படிக்கிறாள், நிறங்களெல்லாம் பிரமாதமாகச் சொல்வாள், அவளுக்குள் இவர் கொடுத்தது உட்கார்ந்திருக்கிறது. நாளைக்கு அவளுக்கு ஒரு பையன் பிறந்து செம்பருத்தியைக் காணோம் என்று தேடினால் அப்போதாவது சொல்ல வேண்டாமா?

உள்ளே ஏதோ நெளிந்தது. இல்லை, காற்று. பூச்சிக்கு முதலில் நிறமே கிடையாது என்பது இன்னொரு ஆச்சரியம். கூட்டுக்குள் இறக்கை வெளுத்த பையாகக் கிடக்கும், அதில் செதில்கள் ஓடு வேய்ந்த மாதிரி வரிசையாய், ஒரு செதிலுக்கு ஒரே நிறம், கலப்படம் கிடையாது. எந்த இடத்தில் எந்த நிறம் என்பது நிறம் வருவதற்குப் பல நாள் முன்பே முடிவாகிவிடும். வெள்ளை முந்தி, சிவப்பு அப்புறம், கறுப்பு கடைசியில். கறுப்பு வந்து எல்லாவற்றையும் மூடிவிடாதா என்று ஒரு மாணவி கேட்டாள். மூடாது, ஏற்கெனவே பேர் எழுதி இடம் பிடித்தவர்களை அது தொடாது. அந்தப் பேர் எழுதுவது யார், எந்த மையில் எழுதுகிறார்கள் என்பதைக் கண்டுபிடிக்கத்தான் மேடம் இந்த நான்கு வருடமும். அதில் அவருடைய பங்கு ஒரு தனி வரி. காட்டில் பிடித்து வந்த தாய்களின் சிவப்பை மேடமே அட்டை பிடித்துப் பார்த்து எழுதினார். மகள்கள் விடியற்காலையில் பிறக்கிறார்கள், அந்நேரம் கூண்டருகே இருப்பவர் ஆவுடையப்பன், ஆகவே மகள்களின் சிவப்பு அவர் பொறுப்பு. முதல் பூச்சிக்கு அரைமணி நேரம் அட்டையை வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு தாயின் பக்கத்தைப் புரட்டினார். தாய்க்கு மூன்று. மகள் அம்மாவை மாதிரிதானே இருக்கும், உலகத்தில் யாரைக் கேட்டாலும் அதைத்தான் சொல்வார்கள், மூன்று என்று எழுதினார். அடுத்ததற்கும் அப்படியே. எல்லாம் ஒரே மாதிரி இருந்தால் சந்தேகம் வருமே என்று ஊடே ஒன்று கூட்டி ஒன்று குறைத்துப் போட்டார், அது ஒரு தந்திரம், அதை நினைத்தால்தான் இப்போது காது மடல் சுடுகிறது. இருநூற்றுப் பதின்மூன்று மகள்கள். ஒரு நாள் மேடம் கம்ப்யூட்டரில் எல்லாவற்றையும் ஏற்றிவிட்டு ஓடிவந்தார், அண்ணாச்சி, மகள்கள் அத்தனை பேரும் அம்மாவை உரித்து வைத்திருக்கிறார்கள், சிவப்பின் ஆழம்கூட அம்மாவிடமிருந்து வருகிறது, இவ்வளவு சுத்தமாக இதுவரை யாரும் காட்டினதில்லை என்றார். கேன்டீனிலிருந்து முறுக்கு வாங்கிக் கொடுத்தார். ஆவுடையப்பன் தின்றார். இறங்கவில்லை, ஆனாலும் தின்றார்.

அதைத்தான் பத்து மணிக்குப் பேசப் போகிறார். அத்தனை பேர் முன்னால் நின்று, படம் போட்டு, தாய்க்கு இத்தனை மகளுக்கு இத்தனை என்று கோடு இழுத்துக் காட்டி. அந்தக் கோடு இவர் இழுத்தது. எங்கோ ஒருத்தர் இதே பூச்சியை வளர்த்து எங்களுக்கு அப்படி வரவில்லையே என்று ஒரு நாள் சொல்வார், அன்றைக்கு மேடத்தின் முகம் எப்படி இருக்கும்? நாற்பது வயதில் நாயாய் அலைந்து மேடம் தேடிய பெயர். சொல்லிவிட்டால் என்ன ஆகும் என்று யோசிக்கவே அவருக்குப் பயம். சொல்லி ஒரு தடவை பட்டதும் உண்டு. இருபத்திரண்டு வயதில் ரயில்வே பரீட்சையில் எழுத்தில் தேறிக் கண் பரிசோதனைக்குப் போனார். புள்ளி புள்ளியாய் அச்சடித்த ஒரு புத்தகம், டாக்டர் பக்கத்தைத் திருப்பத் திருப்ப உள்ளே இருக்கிற எண்ணைச் சொல்ல வேண்டும். பல பக்கங்களில் வெறும் புள்ளிதான், குத்துமதிப்பாய் எட்டு, மூன்று என்று சொல்லிக்கொண்டே வந்தார். ஒரு பக்கம் வந்தது, அதில் பளிச்சென்று நாற்பத்தைந்து. அப்பாடா என்று உரக்கச் சொன்னார். டாக்டர் நிமிர்ந்து பார்த்தார். தம்பி, நல்ல கண்ணுக்கு இந்தப் பக்கத்தில் எண்ணே தெரியாது, உங்களை மாதிரி ஆளுக்குத்தான் தெரியும் என்றார், அன்பாகவேதான் சொன்னார். தெரியாததை உளறியபோதெல்லாம் ஒருவேளை தப்பித்திருப்பார், தெரிந்ததை உண்மையாகச் சொன்னபோது மாட்டிக்கொண்டார். அன்றைக்குத் திருச்சியிலிருந்து ஊர் வரும் வரை ஜன்னல் பக்கம் உட்கார்ந்து ஒவ்வொரு கைகாட்டி விளக்கையும் பார்த்துக்கொண்டே வந்தார். அம்மாவிடம் ஆள் எடுத்து முடிந்துவிட்டது என்று சொன்னார். அதற்கப்புறம் அவர் கண்ணில் படுவதைப் பற்றி யாரிடமும் முந்திக்கொண்டு பேசியதில்லை.

டிக் என்று ஒரு சின்ன ஓசை. சத்தியமாய்க் கேட்டது, கோமதி நம்பமாட்டாள், ஆனால் பக்கத்தில் இருந்தால் கேட்கும். தலைப்பக்கம் மூடி மாதிரி திறந்து ஈரக்கால்கள் நீண்டன, குச்சியைப் பிடித்தன, கொழகொழவென்று உடம்பு வழிந்து வெளியே வந்தது. ஆவுடையப்பன் மூச்சை அடக்கிக்கொண்டார்.  இறக்கை இருக்கவேண்டிய இடத்தில் நாலு கசங்கிய துணுக்குகள், பிழிந்துபோட்ட கைக்குட்டை போல. அது தலைகீழாய்த் தொங்கியபடி உடம்பிலிருக்கிற தண்ணீரை இறக்கைக்குள் இறைக்கும், சுருக்கம் ஒவ்வொன்றாய் விடும், பத்துப் பதினைந்து நிமிஷத்தில் முழு இறக்கை. அவர் நோட்டைத் திறந்து நேரம் எழுதினார், ஆறு நாற்பத்தொன்று. நாற்பத்தொன்றின் ஆறாவது பிள்ளை, பெண், வேஷக்காரி, கால் ஆறும் சரி, கொம்பு இரண்டும் சரி. சிவப்பு என்ற கட்டத்துக்கு மேல் பேனா நின்றது. தாய்க்கு நான்கு. எழுதுவதற்கு ஒரு விநாடி போதும், இதுவரை அவ்வளவு நேரம்தான் எடுத்திருக்கிறது. நான்கு என்று எழுதத் தொடங்கி முதல் கீற்றைப் போட்டுவிட்டார், பழக்கமாக ஒரு தடவை பூச்சியைப் பார்க்க நிமிர்ந்தார். பின்னிறக்கை விரிந்துகொண்டிருந்தது. நடுவில் வெள்ளைத் திட்டு. அதற்குக் கீழே, ஓரமாக, கறுப்பில், பிறை பிறையாய் ஒரு வரிசை இருந்தது.

இருந்தது என்பதைப் புரிந்துகொள்ளவே அவருக்கு நேரமானது. ஒன்றுமில்லாத இடம் அது. நான்கு வருடமாக அங்கே இருப்பதாக எல்லாரும் சொல்லி இவர் தலையாட்டிய இடம். கண்ணைக் கசக்கினார், மூக்குக்கண்ணாடியைச் சட்டையில் துடைத்துப் போட்டார், இருந்தது. விளிம்பு கூர்மையாக, உள்பக்கம் வளைந்து, நகத்தால் கீறின மாதிரி ஒவ்வொன்றும். அட, இப்படித்தான் இருக்குமா என்று முதலில் தோன்றியது, இதைப் பார்த்துத்தான் அந்தப் பிள்ளைகள் அழகு என்றார்களா?  அப்புறம் ஒரு பைத்தியக்கார எண்ணம்: கண் சரியாகிவிட்டதோ? நாற்பத்தேழு வயதில் ஒரு நாள் காலையில் திறந்துகொண்டதோ? அவர் எழுந்து வராந்தாவுக்கு ஓடினார். சுவரில் தீயணைப்பு வாளி தொங்கிக்கொண்டிருந்தது, எப்போதும் போல அழுக்குக் கறுப்பு. மாடிக் கதவைத் தள்ளி எட்டிப் பார்த்தார், கீழே வேலியோரச் செம்பருத்தியில் வெறும் இலைதான் தெரிந்தது. ஓடிவந்து ஐந்து கட்ட அட்டையை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார், ஐந்தும் வழக்கமான சாம்பல். ஆகவே கண் மாறவில்லை. கண் மாறவில்லையென்றால் மாறினது பூச்சி. அந்த நினைப்பு வந்ததும் முக்காலியில் மெதுவாக உட்கார்ந்துகொண்டார். இது சிவப்பில்லை. சிவப்பாக இருந்தால் எனக்குத் தெரியாது, எனக்குத் தெரிகிறது, அதனால் இது சிவப்பில்லை. மஞ்சளாக இருக்கலாம், வேறேதாகவும் இருக்கலாம். இடம் அதே இடம், உருவம் அதே உருவம், பேர் எழுதினது எழுதினபடி இருக்கிறது, மை மட்டும் வேறு. தாயிடம் இது இல்லை, மேடம் தன் கண்ணால் பார்த்து நான்கு போட்டிருக்கிறார். அப்பனும் காட்டவில்லை. யாருக்குள்ளோ உட்கார்ந்திருந்தது. இது எங்கிருந்து வந்தது, இதன் பிள்ளைகளுக்கு வருமா, கரிச்சான் இதை விடுமா, தின்னுமா? கேள்வி கேள்வியாய் முட்டிக்கொண்டு வந்தது, கேட்க ஒரே ஆள்தான் உண்டு, அந்த ஆள் இன்னும் பத்து நிமிஷத்தில் போனில் வருவார்.

வந்து எத்தனை நம்பர் என்று கேட்பார். நான்கு என்று சொல்லலாம். பாதி நான்கு ஏற்கெனவே நோட்டில் இருக்கிறது. வலையைத் தூக்கி ஜன்னலைத் திறந்துவிட்டால் எட்டு மணி வெயிலுக்கு இது பறந்து போகும், ஒருத்தருக்கும் தெரியாது, மேடம் பத்து மணிக்கு நிம்மதியாகப் பேசுவார், அடுத்த மாதமும் சம்பளம் வரும், ஆனந்திக்குக் கல்லூரி இருக்கிறது. மாறாக ஒரு படத்தை மட்டும் அனுப்பி நிறம் ஒருமாதிரி இருக்கிறதே என்று அசடு வழியலாம். அப்படியும் செய்யலாம்தான், நல்ல யோசனைதான், ஆனால் மேடம் சும்மா விடுகிற ஆள் இல்லை, எந்த மாதிரி, எதோடு ஒப்பிட்டால் என்று தோண்டுவார், தோண்டினால் எல்லாம் வந்துவிடும். அதைவிட, படத்தை அனுப்பிவிட்டு வாயை மூடிக்கொண்டால் மேடம் அந்தக் கோட்டையும் சேர்த்தே பேசுவார். போனவர் திரும்பி வந்து இந்தப் பூச்சியை அந்தப் பொய்ப் பட்டியலில் கொண்டுபோய் வைத்துப் பார்ப்பார், இருநூற்றுப் பதின்மூன்று பேருக்கு நடுவே இது ஏன் தனித்து நிற்கிறது என்று மண்டையைப் போட்டு உடைப்பார், அந்த இருநூற்றுப் பதின்மூன்றில் எத்தனை பேர் இப்படியே அரைகுறையாய் நிறம் மாறி வந்து இவர் கண்ணுக்கு எட்டாமல் போனார்களோ யார் கண்டது? கேள்விக்குப் பதில் வேண்டுமென்றால் பட்டியல் உண்மையாக இருக்க வேண்டும். இது அவருக்குத் திடீரென்று, யாரோ தோளைத் தட்டிச் சொன்ன மாதிரி விளங்கியது. நல்லவனாக வேண்டும் என்றெல்லாம் அந்நேரம் அவருக்குத் தோன்றவில்லை. தெரிந்துகொள்ள வேண்டும் என்றிருந்தது, அவ்வளவுதான். பயம் போகவில்லை, அதற்குப் பக்கத்திலேயே இதுவும் இருந்தது. போன் அடித்தது.

"என்ன அண்ணாச்சி, வந்துட்டாளா?" என்றார் மேடம். பின்னால் தட்டும் கரண்டியும் இடிபடும் சத்தம், சாப்பாட்டுக் கூடத்தில் இருக்கிறார் போலிருக்கிறது. வந்துவிட்டாள், ஆறு நாற்பத்தொன்றுக்கு, இறக்கையெல்லாம் ஒழுங்காக விரிந்துவிட்டது என்று இவர் ஒப்பித்தார். மேடத்துக்கு ஒரே சந்தோஷம். கடைசி ஆளும் வந்துவிட்டாள், பேசும்போது இன்று காலை பிறந்தவள் வரை என்று சொல்லிக்கொள்ளலாம், சரி, நம்பர் சொல்லுங்கள், சாப்பிட்டுவிட்டு ஏற்றிவிடுகிறேன் என்றார். ஆவுடையப்பன் பூச்சியைப் பார்த்தார். அது இறக்கையை ஒரு தடவை மெல்லத் திறந்து மூடியது.

"மேடம், எனக்குச் சிவப்பு தெரியாது." குரல் அவருக்கே யாருடையதோ போலக் கேட்டது. "பொறந்ததுல இருந்தே தெரியாது. நாலு வருசமா தாய் நம்பரப் பாத்துத்தான் மகளுக்குப் போட்டேன்."

கரண்டிச் சத்தம் தூரமாகப் போனது. மேடம் எழுந்து எங்கோ வெளியே நடக்கிறார். கதவு ஒன்று சாத்தியது. எத்தனை என்று கேட்டார், அத்தனையும் என்றார் இவர். ஊடே ஒன்று கூட்டிக் குறைத்துப் போட்டதையும் சொன்னார், அதைச் சொல்லும்போதுதான் அழுகை வந்தது, அடக்கவில்லை.  திட்டுவார் என்று காத்திருந்தார். திட்டினால் தேவலை என்றிருந்தது. ஜன்னல் கண்ணாடி வழியே விழுந்த வெயில் கூண்டின் கால்வாசிக்கு ஏறியிருந்தது.

"பத்து மணிக்கு நான் என்னத்த பேச, அண்ணாச்சி?" என்றார் கடைசியில்.  மன்னிப்புக் கேட்க வாயெடுத்தார், அந்தச் சொல் ரொம்பச் சின்னதாகத் தோன்றியது, விட்டுவிட்டார். நாலு வருசம் என்று மேடம் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். பிறகு குரல் கொஞ்சம் மாறி, நாலு வருசம் சொல்லாத ஆள் இன்றைக்கு ஏன் சொன்னீர்கள் என்று கேட்டார்.

"இவளுக்கு ஓரத்துல இருக்கிற பிறை எனக்குத் தெரியுது மேடம்."

  மேடம் எதையோ கூட்டிக் கழிக்கிறார் என்று ஆவுடையப்பனுக்குத் தெரிந்தது. தாய்க்கு நான்கு போட்டது நான்தானே என்று முணுமுணுத்தார். நல்ல ஆழமான சிவப்பாச்சே அது என்றார். வேறு எந்தத் தாயின் பூச்சியும் கூண்டில் கலக்கவில்லையே என்று கேட்டார், இல்லை என்றார் இவர். படம் எடுத்து அனுப்பட்டுமா என்று இவரே கேட்டார். அப்புறம் அனுப்புங்கள், இப்போது வேண்டாம், இறக்கை இன்னும் காயவில்லை, வெளிச்சத்தை அடித்துப் பயமுறுத்த வேண்டாம் என்றார் மேடம். வேலை இருக்குமா இருக்காதா, பத்து மணிக்கு அவர் எழுந்து நிற்பாரா ரயிலேறுவாரா, எதைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. பையைத் திறக்கிற சத்தமும் தாள் புரட்டுகிற சத்தமும் வந்தன.

"நீங்க பாத்துச் சொல்லுங்க. நான் எழுதிக்கிடுதேன்."

ஆவுடையப்பன் முகத்தைத் துடைத்துக்கொண்டு முக்காலியை முன்னால் இழுத்துப் போட்டார். அட்டையை எடுக்கவில்லை. தாயின் பக்கத்தைப் புரட்டவில்லை. வலைக்கு வெகு பக்கத்தில் முகத்தை வைத்து, அடியிலிருந்து மேலாக, பிறைகளை ஒவ்வொன்றாய், விரலை நீட்டி எண்ணினார்.

"இந்தப் பக்கம் ஏழு இருக்கு மேடம்" என்றார்.